குயிற்குடி ஊரார் பேரால்

(அறக்கட்டளைச் சொற்பொழிவு, அச்சுக்காகச் செப்பமிடப்பட்ட வடிவம்)



மதுரை வட்டார வரலாறு பற்றிப் பேசுங்கள் என்று அழைப்புக் கடிதம் சொன்னது. கோயிலைப் பற்றிப் பேசலாம், மகாலைப் பற்றிப் பேசலாம். நான் ஒரே ஒரு விவசாய ஊரை எடுத்துக்கொண்டேன். நகரத்துக்கு மேற்கே பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டரில் இருக்கும் கீழக்குயில்குடி. அந்த ஊர் உங்களில் பலருக்குத் தெரிந்ததுதான். தாமரைக் குளத்தையும் ஆலமரத்தையும் பார்த்துவிட்டு, மலையேறிச் சமணச் சிற்பங்களைப் படம் பிடித்துக்கொண்டு திரும்பியிருப்பீர்கள். சமூக வரலாறு படிக்கிறவர்கள் வேறொரு காரணத்துக்காக அதன் பெயரைக் குறித்து வைத்திருப்பார்கள். குற்றப் பரம்பரைச் சட்டம் இந்த வட்டாரத்துக்குள் நுழைந்த ஊர் அது.

இரண்டு கூட்டத்தாரும் ஒருவரையொருவர் சந்திப்பதே இல்லை என்பது என் நெடுநாள் மனக்குறை. சிற்பம் பார்க்கிறவர் பத்தாம் நூற்றாண்டோடு இறங்கிவிடுகிறார். சட்டம் படிக்கிறவர் அது இங்கே வந்த 1914-க்கு முன்னால் போவதில்லை. மலைக்கும் சட்டத்துக்கும் நடுவே கண்மாய் இருக்கிறது, வயல் இருக்கிறது, அதில் குனிந்து நிற்கிற ஆள் இருக்கிறார். அவரை யாரும் கேட்டதில்லை.

நான் இன்று சொல்ல வந்தது ஒன்றுதான். இந்த ஊரின் நிலத்தையும் வரலாற்றையும் சேர்த்துக் கோக்கும் நூல் ‘காவல்’ என்கிற சொல். தண்ணீரைக் காத்தது, கல்லைக் காத்தது, பிறர் சொத்தைக் காத்தது, அந்தக் காவலே குற்றமாக எழுதப்பட்டது, இன்று மலையை யார் காப்பது என்று நிற்பது: எல்லாம் ஒரே கதை. ஐந்து பகுதிகளாகச் சொல்கிறேன்.

1. தண்ணீர் இறங்கும் வழி

தேனி சாலையில் மேற்கே போனால் நாகமலை வலப்பக்கமாகக் கூடவே ஊர்ந்து வரும். நாகமலைப் புதுக்கோட்டையில் தெற்கே திரும்பினால் சற்றுத் தொலைவில் தனித்துக் கிடக்கிறது சமணர் மலை. அதன் காலடியில் ஊர். வைகையோ நாகமலைக்கு வடக்கே ஓடுகிறது. அதாவது ஆற்றுக்கும் ஊருக்கும் நடுவே ஒரு நீண்ட மலைத்தொடர் குறுக்கே படுத்திருக்கிறது. இதைப் புரிந்துகொள்ளாமல் இந்த ஊரைப் புரிந்துகொள்ள முடியாது. துவரிமான் பக்கத்து வயல்காரர் ஆற்றைப் பார்த்துக்கொண்டு நடவு நட்டார். குயில்குடிக்காரர் வானத்தையும் மலையையும் பார்த்துக்கொண்டு நட்டார்.

1895-இல் பெரியாற்றுத் தண்ணீர் மலையைக் குடைந்து வைகைக்கு வந்தபோது, அதன் பெரிய கால்வாய் ஆற்றின் வடகரை வழியாக மேலூர்ப் பக்கம் போயிற்று. மேலூர்ச் சீமை இருபோகம் கண்டது. நாகமலைக்குத் தெற்கே அந்த வாழ்வு வரவில்லை. பிறகு நடந்த பலவற்றுக்கும் இது ஒரு காரணம், நான்காம் பகுதியில் அங்கே வருவேன்.

சமணர் மலை பெரும்பாலும் மொட்டைப் பாறை. மதுரைப் பக்கம் ஆண்டுக்கு ஏறத்தாழ 850 மில்லிமீட்டர் மழை. அதில் பெரும்பங்கு ஐப்பசி, கார்த்திகை அடைமழை. பாறை மழையைக் குடிக்காது. அரைமணி நேரம் ஊற்றினால் போதும், மலை முழுக்க வெள்ளிக் கம்பி இழுத்தாற்போல் ஓடைகள் இறங்கும். அடுத்த அரைமணியில் ஒன்றுமிருக்காது. அந்த ஒரு மணி நேரத் தண்ணீரைப் பிடித்து ஆறு மாதத்துக்கு வைத்துக்கொள்ளத் தெரிந்தவர்கள்தான் அங்கே குடியேறியிருக்க முடியும். வரத்துக்கால் வெட்டி, கரை போட்டு, மடை வைத்து, மிஞ்சியது அடுத்த ஊர்க் கண்மாய்க்குப் போகக் கலுங்கு கட்டியவர்கள் அவர்கள்.

ஊர்ப் பெயரே இதைச் சொல்கிறது. கீழக்குயில்குடி, அதற்கு மேற்கே மேலக்குயில்குடி. தமிழில் கீழ் என்பதிலிருந்துதான் கிழக்கு, மேல் என்பதிலிருந்துதான் மேற்கு. நிலம் மேற்கே உயர்ந்து கிழக்கே சரிகிற நாட்டில் பிறந்த திசைப் பெயர்கள் இவை. ‘கீழ’ என்று சொன்னால் திசையும் தெரிந்தது, தண்ணீர் எந்தப் பக்கமிருந்து வரும் என்பதும் தெரிந்தது. கல்வெட்டுகள் நம் நகரத்தையே ‘மாடக்குளக்கீழ் மதுரை’ என்கின்றன. அரண்மனையும் சங்கமும் இருந்த ஊருக்கு முகவரி ஒரு கண்மாய். மாடக்குளத்துக்குக் கீழே இருப்பதால் அது மதுரை. இந்தப் பணிவு எனக்கு மிகவும் பிடிக்கும்.

நான் வளர்ந்தது வேறொரு கண்மாய்க்கரை ஊரில். அடைமழை இரவுகளில் அப்பா அரிக்கேன் விளக்கும் மண்வெட்டியுமாகக் கிளம்புவார். வீட்டுக்கு ஓர் ஆள் கரைக்காவல். எதிரி யார் தெரியுமா? நண்டு. நிறைந்த கண்மாயின் கரையில் நண்டு வளை போட்டால் அதன் வழியாக முதலில் ஒரு நூல் போலத் தண்ணீர் கசியும். விடிவதற்குள் அது கை நுழையும் துளையாகும், பிறகு கரையே போய்விடும். உட்பக்கம் வளையின் வாய் எங்கே இருக்கிறதென்று இருட்டில் காலாலேயே துழாவிக் கண்டுபிடித்து, வைக்கோலைக் களிமண்ணில் பிசைந்து திணிப்பார்கள். நெஞ்சளவு தண்ணீரில் நின்றுகொண்டு ஒருவர், மேலே விளக்கு பிடித்துக்கொண்டு ஒருவர். காவல் என்ற சொல்லை நான் முதலில் கற்றுக்கொண்டது அந்தக் கரையில்தான். கீழக்குயில்குடிப் பெரியவர்களிடம் பேசியபோது, அவர்கள் சொன்னதும் இதே வளை, இதே வைக்கோல். அதனால்தான் இந்த ஊர் எனக்கு அந்நியமாகத் தோன்றவில்லை.

2. கல்லில் ஏறிய பெயர்

இனி மலைக்குப் போவோம். ஐயனார் கோயிலுக்கு மேலே பேச்சிப்பள்ளம். பாறை ஓரமாகத் தீர்த்தங்கரர் உருவங்கள் வரிசையாக நிற்கின்றன. தலைக்கு மேல் பாம்பு படம் எடுத்த பார்சுவநாதர் இருக்கிறார், கொடி சுற்றிய பாகுபலி இருக்கிறார். கீழே வட்டெழுத்தில் செய்வித்தவர்களின் பெயர்கள். மதுரைப் பக்கத்துச் சமணத் தலங்கள் பலவற்றில் பெயர் காணப்படும் அச்சணந்தி என்னும் துறவியின் தாயார் குணமதியார் செய்வித்த திருமேனி இங்கேதான் உள்ளது. துறவியான மகனின் பெயரைச் சொல்லித் தன்னை அடையாளப்படுத்திக்கொண்ட ஒரு தாய், ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு முன்னால். அந்த வரியைப் படிக்கும்போதெல்லாம் ஒரு நிமிடம் நின்றுவிடுவேன்.

இன்னும் மேலே ஏறினால் பாண்டியன் பராந்தக வீரநாராயணன் காலத்து மாதேவிப் பெரும்பள்ளியின் அடித்தளம். கட்டடம் போய்விட்டது. இவை பொதுவாக 9, 10-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவை.

நான் உங்களை அழைத்துப் போக விரும்புவது மலையின் மறுபக்கத்துச் செட்டிப்புடவுக்கு. புடவு என்றால் குகை. வாயிலருகே பெரிய பாறையில் அமர்ந்த கோலத்தில் ஒரு தீர்த்தங்கரர். அவருடைய நீண்ட காதைப் பார்த்த ஊர்மக்கள் யாரோ செட்டியார் என்று எண்ணிச் செட்டிப்புடவு என்றார்கள். உள்ளே குகையின் வளைந்த கூரையில், சிங்கத்தின் மேல் ஏறி, யானைமேல் வருகிறவனை எதிர்க்கும் இயக்கியின் உருவம் உண்டு. பார்க்கிறவர்கள் எல்லோரும் உள்ளே போய் அதைத்தான் பார்க்கிறார்கள். வாயிலருகே அமர்ந்த தீர்த்தங்கரரின் பீடத்துக்குக் கீழே குனிகிறவர்கள் குறைவு. எழுத்து அங்கேதான் இருக்கிறது.

அது சொல்லும் செய்தி இது: வெண்புநாட்டுத் திருக்குறண்டியைச் சேர்ந்த அட்டோபவாசி படாரர் என்பவரின் மாணாக்கர் குணசேனதேவர், அவருடைய மாணாக்கர் கனகவீரப் பெரியடிகள் இத்திருமேனியைச் செய்வித்தார். யாருக்காக? நாட்டாற்றுப்புறத்தில், அமிர்தபராக்கிரம நல்லூர் ஆகிய குயிற்குடியின் ஊராருடைய பேரால். கடைசியில் இது ‘பள்ளிச்சிவிகையார் ரக்ஷை’ என்று முடிகிறது.

இதில் மூன்று சொற்களைப் பார்க்க வேண்டும்.

முதலாவது குயிற்குடி. ஆயிரம் ஆண்டுக்கு மேலாக அதே பெயர், அதே இடம். அரசாங்கம் ‘அமிர்தபராக்கிரம நல்லூர்’ என்று ஒரு கம்பீரமான பெயர் சூட்டியது. அந்தப் பெயர் கல்லில் மட்டும் மிஞ்சியது. உழுகிறவர்கள் வாயில் குயிற்குடியே நின்றது. ‘குயிலுதல்’ என்றால் பழந்தமிழில் செதுக்குதல், துளைத்தல் என்றும் பொருள் உண்டு. ஆகவே சிற்பிகள் குடியிருந்த ஊர் என்று சொல்லிவிட ஆசை வரும். அந்த ஆசைக்கு நான் இடம் கொடுப்பதில்லை. சிற்பத்தைச் செய்வித்தபோதே ஊர் இந்தப் பெயரோடு இருந்தது என்பது கல்வெட்டிலேயே தெரிகிறது. மாமரத்தில் குயில் கூவிய ஊர் என்றே இருக்கட்டும்.

இரண்டாவது ‘ஊரார்’. கல்வெட்டுத் தமிழில் இது பொத்தாம்பொதுவான சொல் கிடையாது. பிராமணர் ஊருக்குச் சபை, வணிகர் ஊருக்கு நகரம், வேளாண் ஊருக்கு ஊர். நிலத்தை வைத்திருந்தவர்கள் ஒன்றாக அமர்ந்து நீரையும் வரியையும் தீர்த்துவைத்த அமைப்பு அது. கனகவீரப் பெரியடிகள் ஒரு செல்வரின் பெயரைப் போட்டிருக்கலாம், அரசன் பெயரைப் போட்டிருக்கலாம். ஊர் முழுவதையும் சேர்த்துப் புண்ணியத்தில் பங்கு கொடுத்தார். மலைமேல் தவம் இருந்தவர்களுக்கு அடிவாரத்து ஊர் சோறு போட்டது என்பதைத் தவிர வேறென்ன காரணம் இருக்க முடியும்? பள்ளியும் கண்மாயும் ஒரே தண்ணீரைக் குடித்தன. மேலே சுனை, கீழே வயல்.

அந்த ஊராரும் இன்று இந்த அரங்கில் இருக்கும் ஊராரும் ஒரே குடிவழி என்று நான் சொல்லவில்லை. ஆயிரம் ஆண்டுகளில் படை வந்தது, பஞ்சம் வந்தது, மக்கள் பெயர்ந்தார்கள், புதியவர்கள் வந்தார்கள். தொடர்ந்தது இடமும் பெயரும், ஊராக நிற்கிற பழக்கமும். இந்த வரம்பை மறந்துவிட்டு வரலாறு எழுதினால் அது பெருமைப் பட்டியலாகிவிடும்.

மூன்றாவது ‘ரக்ஷை’. அதாவது காவல். செய்வித்தால் மட்டும் போதாது, யாருடைய பொறுப்பில் இது நிற்கும் என்பதையும் எழுதியாக வேண்டும். சிவிகை சுமப்போரின் குழு என்று பொருள்படும் பள்ளிச்சிவிகையாரிடம் அந்தப் பொறுப்பு போயிற்று. சாசனத்தை எழுதியவர் காவலில்தான் முற்றுப்புள்ளி வைத்தார்.

3. ஐயனார்

இதைச் சுருக்கமாகச் சொல்லிக் கடக்கிறேன். சமணப் பள்ளி ஒடுங்கியது. வழிபடுவோர் இல்லாத மலைக்கு ஊரார் தங்கள் தெய்வங்களைக் காவல் வைத்தார்கள். சிற்பங்கள் உள்ள பள்ளம் பேச்சியின் பள்ளமாயிற்று. அடிவாரத்தில் குளக்கரையோரம் ஐயனார், துணைக்குக் கருப்பசாமி. பாண்டி நாட்டில் ஐயனார் இருக்கும் இடம் கண்மாய்க் கரை, ஊர் எல்லை. இரவில் குதிரையேறிச் சுற்றி வந்து மடையையும் வயலையும் பார்த்துக்கொள்கிறவர். புரவி எடுப்புக்கு மண்குதிரை செய்யும் வேளார் தெருக்கள் பக்கத்தில் விளாச்சேரியில் இன்றும் உள்ளன. கண்மாய் மண்ணே குதிரையாகிறது, குதிரை கண்மாயைக் காக்கிறது.

மதுரையைச் சுற்றியுள்ள மலைகளைப் பற்றிய திருவிளையாடல் கதை உங்களுக்குத் தெரியும். சமணர் ஏவிய யானையும் நாகமும் பசுவும் கல்லாகிக் கிடப்பதாகச் சொல்லும் கதை. அந்தக் கதையைக் கேட்டு வளர்ந்த மக்கள், காலடியில் கிடந்த சமணத் திருமேனிகளை உடைத்து எறியவில்லை. செட்டியார் என்றும் சாமி என்றும் பெயர் வைத்து விட்டுவைத்தார்கள். சிற்பங்கள் நமக்கு மிஞ்சியதற்கு அந்தப் பெயர் வைப்பும் ஒரு காவல்.

4. காவலும் ரேகையும்

இந்தப் பகுதியில் சற்று நின்று பேச வேண்டும்.

நாயக்கர் காலம் தொட்டு மதுரைக்கு மேற்கே இருந்த பிரமலைக் கள்ளர் நாட்டில் காவல் ஒரு முறையான தொழில். எட்டு நாடு, இருபத்துநான்கு உபகிராமம் என்று அமைந்த அந்தச் சமூகத்தார், தங்கள் ஊர்களை மட்டுமல்லாமல் சுற்றுவட்டார ஊர்களையும், மதுரை நகரத்துத் தெருக்களையும் இரவுக் காவல் காத்தார்கள். கூலி தானியமாக வரும், களத்துமேட்டிலேயே அளந்து கொடுப்பார்கள். காவலில் இருக்கும்போது மாடு காணாமல் போனால் காவல்காரர் கண்டுபிடித்துத் தர வேண்டும், இல்லையென்றால் ஈடு கட்ட வேண்டும். துப்புச் சொல்லி மாட்டை மீட்டுக் கொடுத்தால் துப்புக்கூலி. மானாவாரிப் பூமியில், ஒரு போகம் பொய்த்தாலும் அடுப்பு எரிந்ததற்குக் காவல் தானியம்தான் ஆதாரம்.

முறைகேடு இல்லாமல் இருந்ததா? இருந்தது. காவல் கூலி கொடுக்க மறுத்தவர் வீட்டில் களவு போனதும் உண்டு, மீட்ட மாட்டுக்குக் கூடுதல் கூலி கேட்டதும் உண்டு. 1896-இல் திண்டுக்கல் பக்கம் அம்மையப்பக் கோன் என்பவர் தலைமையில் குடியானவர்கள் கூடிக் கள்ளர் காவலை மறுத்து எழுந்தார்கள். அவர்கள் குறையும் உண்மையான குறைதான். காவல் கூலி கொடுத்த குடியானவரின் பக்கமும், காவல் காத்தவரின் பக்கமும் இரண்டையும் வைத்துக்கொண்டுதான் இதை எழுத வேண்டும்.

கம்பெனி ஆட்சி வந்ததும் பழைய காவல் உரிமைகளை ஒவ்வொன்றாகப் பறித்தது. 1859-ஆம் ஆண்டுச் சட்டத்தோடு சம்பளப் போலீஸ் வந்தது. அரசு பார்வையில் காவல் ஒன்றுதான், அது காக்கிச் சட்டைக்கு உரியது. பரம்பரையாகக் காத்தவர் கைக்கு வேலை போயிற்று. மாற்றாக நிலம் வந்ததா, தண்ணீர் வந்ததா? பெரியாற்றுத் தண்ணீர் எங்கே போயிற்று என்று முன்பே சொன்னேன். தண்ணீர் கிடைத்த சீமை உழவில் ஊன்றியது. கிடைக்காத சீமையைப் பார்த்து அரசு ‘பரம்பரைக் குற்றவாளிகள்’ என்றது. ஒரே ஆட்சியின் இரண்டு கைகள் செய்த வேலை இது.

குற்றப் பரம்பரைச் சட்டம் முதலில் 1871-இல் வட இந்தியாவுக்காக வந்தது. 1911-இல் திருத்தி மதராஸ் மாகாணத்துக்கும் விரித்தார்கள். 1914-இல் பிரமலைக் கள்ளர் ஊர்களிலேயே முதலாவதாகக் கீழக்குயில்குடி அந்தச் சட்டத்தின் கீழ் வந்தது. பிறகு படிப்படியாக அந்தச் சமூகம் முழுவதும்.

சட்டத்தின் பெயர் ஊரில் யாருக்கும் தெரியாது. ‘ரேகைச் சட்டம்’ என்றார்கள். கைவிரல் ரேகையை வாங்கிப் பதிவேட்டில் ஏற்றினார்கள். களவு செய்தவரும் சரி, ஒரு துரும்பைத் தொடாதவரும் சரி, பிறந்த குடிக்காகப் பதிய வேண்டும். பதிந்தவர் இரவில் காவல் நிலையத்தில் அல்லது சொல்லப்பட்ட இடத்தில் போய்ப் படுக்க வேண்டும். வெளியூர் போக ராத்திரிச் சீட்டு வாங்க வேண்டும். மாமனார் சாவுக்குப் போவதற்கும் சீட்டு.

விவசாயத்தை அறிந்தவர்கள் இதை ஒரு கணம் எண்ணிப் பாருங்கள். இரவில் மடைமுறை வந்தால் தண்ணீர் பாய்ச்சுவது யார்? அடைமழை ராத்திரியில் கரையைக் காப்பது யார்? கதிர் முற்றிய வயலில் பரண்மேல் படுப்பது யார்? ஆண்மகனை இரவில் ஊரைவிட்டு அகற்றிய சட்டம், வயலிலிருந்தும் அவனை அகற்றியது. விவசாயி ஆக வேண்டும் என்று உபதேசம் செய்துகொண்டே விவசாயத்தின் பாதி வேலை நடக்கும் நேரத்தை அவனிடமிருந்து எடுத்துக்கொண்டார்கள். இந்தச் சட்டத்தைப் பற்றி எழுதியவர்கள் மானத்தைப் பற்றி எழுதினார்கள், அது சரியே. இரவுத் தண்ணீரைப் பற்றியும் எழுத வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

1920 ஏப்ரல் 3 அன்று உசிலம்பட்டிப் பக்கத்துப் பெருங்காமநல்லூரில் ரேகை பதிய மறுத்துத் திரண்டவர்கள்மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. மாயக்காள் என்ற பெண் உட்படப் பலர் இறந்தார்கள். மதுரையில் வழக்கறிஞராக இருந்த ஜார்ஜ் ஜோசப் இந்த மக்களுக்காக வாதாடினார். ‘ரோசாப்பூ துரை’ என்று மக்கள் அவரை அன்போடு அழைத்தார்கள். முத்துராமலிங்கத் தேவரும் ஜீவானந்தமும் தொடர்ந்து குரல் கொடுத்தார்கள். 1947-இல்தான் மதராஸ் மாகாணத்தில் சட்டம் ஒழிந்தது. முப்பத்து மூன்று ஆண்டுகள். கீழக்குயில்குடியில் சட்டம் வந்த ஆண்டில் பிறந்த குழந்தை, சட்டம் போன ஆண்டில் மூன்று நான்கு பிள்ளைகளுக்குத் தகப்பனாகியிருக்கும்.

இங்கேதான் செட்டிப்புடவுக் கல்வெட்டு என்னை உலுக்குகிறது. ஓர் ஊரை முழு ஊராக எடுத்து எழுத்தில் பதிந்தது இந்த இடத்தில் இரண்டு முறை நடந்திருக்கிறது. ஒரு முறை, புண்ணியத்தில் பங்கு கொடுக்க, ‘ஊரார் பேரால்’ என்று. இன்னொரு முறை, பழியில் பங்கு கொடுக்க, ஆள் ஆளாக ரேகை எடுத்து. முதல் எழுத்தை ஒரு துறவி வெட்டுவித்தார். இரண்டாவதை ஓர் அரசு எழுதியது. நம் பாடநூல்களில் முதலாவது கலை வரலாற்றிலும் இரண்டாவது சட்ட வரலாற்றிலும் தனித்தனியே கிடக்கின்றன. ஒரே ஊர் என்று சொல்லும் ஒரு வரிகூட இல்லை.

5. நூறு மீட்டருக்கு அப்பால்

இன்று சிற்பங்கள் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் உள்ளன. படிக்கட்டு, கம்பித் தடுப்பு, அறிவிப்புப் பலகை எல்லாம் உண்டு. 2010-ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டப்படி, பாதுகாக்கப்பட்ட சின்னத்திலிருந்து நூறு மீட்டர் வரை புதுக் கட்டடம் கூடாது. அதற்கு அப்பால் இருநூறு மீட்டர் கட்டுப்பாட்டுக்கு உட்பட்டது. நல்ல சட்டம். ஆனால் அது அளப்பது சிற்பத்திலிருந்து. மலையில் விழுந்த தண்ணீர் முந்நூறு மீட்டரில் நின்றுவிடுமா? வரத்துக்கால் அதற்கு அப்பாலும் ஓடித்தான் கண்மாயைச் சேர வேண்டும். நகரமோ மேற்கே நகர்ந்துகொண்டே வருகிறது. 1966-இல் தொடங்கிய பல்கலைக்கழகம் தேனி சாலையில் அமைந்த பிறகு நாகமலைப் புதுக்கோட்டை பெருத்தது, கல்லூரிகள் வந்தன, மனையிடங்கள் வந்தன. வரத்துக்காலின் மேல் ஒரு சுற்றுச்சுவர் எழுந்தால் சிற்பத்துக்கு ஒரு கீறலும் விழாது. கண்மாய்க்கு அதுவே சாவு.

மதுரைக் குன்றுகளின் கதி என்னவாகும் என்பதை 2012-இல் கிரானைட் முறைகேடுகள் வெளியானபோது மேலூர்ப் பக்கம் பார்த்தோம். குன்றுகள் இருந்த இடத்தில் பள்ளங்கள். மக்கள் விழித்த இடங்களில் மலை பிழைத்தது. யானைமலையைச் சிற்ப நகரமாக்கும் திட்டத்தை அதன் அடிவாரத்து மக்கள் எதிர்த்து நின்றார்கள். அந்த நாட்களின் தொடர்ச்சியாக எழுத்தாளர் அ. முத்துக்கிருஷ்ணன் 2010-இல் தொடங்கிய பசுமை நடை, நகரத்து மக்களை மாதந்தோறும் குன்றுகளுக்கு அழைத்துப் போனது. 2013-இல் கீழக்குயில்குடி ஆலமரத்தடியில் விருட்சத் திருவிழா கொண்டாடியது. வெ. வேதாசலம், சொ. சாந்தலிங்கம் போன்ற அறிஞர்கள் பாறையருகே நின்று கல்வெட்டைப் பொதுமக்களுக்குச் சொன்ன காலம் அது. மேலூர்ப் பக்கத்து அரிட்டாபட்டி 2022-இல் பல்லுயிர் மரபுத் தலமாக அறிவிக்கப்பட்டது. ஈராண்டில் அங்கே டங்ஸ்டன் சுரங்க ஏலம் வந்தபோது ஊர்கள் திரண்டன. 2025 ஜனவரியில் ஏலம் ரத்தாயிற்று.

ஆகவே, என் வேண்டுகோள் தெளிவானது. சமணர் மலையைச் சின்னமாக மட்டும் அளக்காமல் நீர்ப்பிடி நிலமாகவும் அளந்து, அதன் வரத்துக்கால்கள் ஒவ்வொன்றையும் புலஎண்ணோடு வரைபடத்தில் ஏற்ற வேண்டும். மாணவர்கள் இதைச் செய்யலாம். கோடையில் ஒரு முறை, ஐப்பசியில் ஒரு முறை, ஊர்ப் பெரியவர் ஒருவரை முன்னால் விட்டு நடந்தால் போதும். எந்த ஓடை எந்த மடைக்கு வரும் என்பது அவர்கள் காலுக்குத் தெரியும். அறிவிப்புப் பலகையில் தீர்த்தங்கரர் பெயருக்குக் கீழே குயிற்குடி ஊராரின் பெயரும் இருக்க வேண்டும், கல்லில் இருப்பதால்.

இந்தச் சொற்பொழிவுக்காகச் சென்ற மாதம் செட்டிப்புடவுக்குப் போயிருந்தேன். கீழே வயலில் வரப்பு வெட்டிக்கொண்டிருந்த பெரியவர் ஒருவர், எண்பதை ஒட்டிய வயது, என்னோடு மேலே வந்தார். நூறு தடவை வந்திருப்பாராம், இந்த எழுத்தை யாரும் படித்துக் காட்டியதில்லை என்றார். ஒவ்வோர் எழுத்தாகச் சுட்டிப் படித்தேன். துறவிகளின் பெயர் வரும்வரை மரியாதைக்குத் தலையாட்டிக்கொண்டிருந்தார். ‘குயிற்குடி ஊரார்’ என்று வந்ததும் கையை உயர்த்தி நிறுத்தினார்.

“எங்க ஊரா? எந்த எடத்துல, காட்டுங்கய்யா.”

காட்டினேன். வேட்டி முனையில் கைச் சேற்றைத் துடைத்துவிட்டுக் குனிந்தார். அவருடைய தகப்பனார் ரேகை வைத்தவர் என்று வரும் வழியில்தான் சொல்லியிருந்தார். கட்டைவிரலை அந்த எழுத்துகளின் பள்ளத்தில் வைத்து, இடமிருந்து வலமாக மெல்ல ஓட்டினார். முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து ஓட்டினார். பிறகு, “மழ வர்ற மாதிரி இருக்கு, இறங்குவோம். மேக்கால வரத்துக்கால்ல செத்தை அடைச்சுக் கெடக்கு” என்று மண்வெட்டியை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டார்.